வாசகர் கேள்வி–பதில்: செங்கல் அடுக்கில் ஒரு குடித்தனம்

கேள்வி: கொல்லையில் அடுக்கிவைத்த செங்கற்களிலிருந்து மழைக்குப் பிறகு தேள்கள் வெளியே வருகின்றன. பக்கத்து வீட்டுப் பெரியவரோ, “அடிக்காதேம்மா, பூச்சியைத் தின்னட்டும்” என்கிறார். தேளால் உண்மையிலேயே பயன் உண்டா?
– வாசகி, கொடுங்கையூர்

பதில்: பெரியவர் சொல்வது உண்மைதான். ஆனால் அவர் வீட்டில் தவழும் குழந்தை இல்லை என்று நினைக்கிறேன்.

தேள் துரத்திப் பிடிக்கிற பிராணி அன்று. இருட்டியதும் பொந்து வாயிலில் அசையாமல் நிற்கும். கரப்பானோ சுவர்க்கோழியோ நடந்தால் நிலம் அதிர்வதைக் கால்களாலேயே அறிந்து கவ்விவிடும். சிலந்தி, கறையான், இளைத்த சொந்தக்காரத் தேள், எதையும் விடாது. கொடுங்கையூர் குப்பைமேட்டுக்குப் பக்கத்தில் கரப்பானுக்கா பஞ்சம்?

வியப்பு வேறு இடத்தில் இருக்கிறது. தேளின் உடல் மிகச் சிக்கனமானது. மாதக்கணக்கில் பட்டினி கிடந்தாலும் சாகாது. தின்றதில் பெரும்பங்கு உடம்பிலேயே தங்குவதால், இரை குறைந்த வறண்ட நிலத்திலும் ஏராளமாகப் பிழைக்கிறது. பூச்சிகளைத் தின்று சேர்த்த அந்தச் சதைதான் ஆந்தைக்கும் கீரிக்கும் தேரைக்கும் போகிறது. தேளை ஒழித்தால் கரப்பான் பெருகும் என்பது பாதிக் கணக்கு. ஆந்தையின் இரவுச் சாப்பாடும் குறையும் என்பது மீதி.

அதற்காக வீட்டில் வைத்துக்கொள்ளச் சொல்லவில்லை. பெரிய கருந்தேளைக் கண்டு அலறுகிறோம். அது கொட்டினால் வலிக்கும், பெரும்பாலும் அவ்வளவுதான். அஞ்ச வேண்டியது மெலிந்த இடுக்கி கொண்ட சிறிய செந்தேளுக்கு. அதன் நஞ்சு குழந்தையின் இதயத்தையே தாக்கும். மகாராஷ்டிரத்தின் மகாட் பகுதியில் மருத்துவர் ஹிம்மத்ராவ் பவஸ்கர் 1980களில் பிராசோசின் என்ற இரத்த அழுத்த மாத்திரை கொடுத்து இத்தகைய இறப்புகளை வெகுவாகக் குறைத்தார். எனவே மந்திரிக்கப் போய் நேரத்தைக் கடத்தாமல் ஸ்டான்லி அரசு மருத்துவமனைக்கு ஓடுங்கள்.

செங்கற்களைப் பகலில், கையுறை போட்டு, சுவரிலிருந்து தள்ளி அடுக்குங்கள். கள்ளநோட்டு பார்க்கும் புற ஊதா டார்ச் ஒன்று வாங்கி இரவில் அடித்துப் பாருங்கள். தேள் பச்சையாய் ஒளிரும். நீண்ட இடுக்கியால் பிடித்து மூடியுள்ள டப்பாவில் போட்டு, வீடுகள் இல்லாத புதரோரம் விட்டுவிடலாம். செந்தேள் குழந்தையின் பாய்வரை வந்துவிட்டதென்றால் துடைப்பத்தை எடுங்கள். நான் குறை சொல்ல மாட்டேன்.

கேள்வி: தேள் குட்டிகள் தாயின் வயிற்றைக் கிழித்துக்கொண்டு பிறக்கும் என்கிறார் என் பாட்டி. உண்மையா?
– மாணவர், காசிமேடு

பதில்: இல்லை. தேள் முட்டையிடாமல் குட்டி போடும், தாய் பிழைத்திருக்கும். குட்டிகள் முதுகில் ஏறி, முதல் முறை தோலுரிக்கும்வரை அங்கேயே சவாரி செய்யும். அந்தக் கூட்டத்தைப் பார்த்துத்தான் யாரோ கதை கட்டியிருக்க வேண்டும். பாட்டியிடம் கொஞ்சம் பக்குவமாகச் சொல்லவும்.