யாக்கிமா கனட்டை எந்தத் துறையில் சேர்ப்பது?
வணக்கம். ஹாலிவுட் திரைப்படக் கலைஞர் யாக்கிமா கனட்டைப் பற்றிய உங்கள் கட்டுரையில் அவரை நடிகர் என்பதா, சாகசக் கலைஞர் (ஆபத்தான காட்சிகளில் நடிகர்களுக்குப் பதிலாக நடிப்பவர்) என்பதா, உதவி இயக்குநர் என்பதா என்று கேட்டிருந்தீர்கள். சாகசக் கலைஞர் என்றே தொடங்குங்கள்; மௌனப் படங்களில் நாயகனாக நடித்தவர், பேசும் படம் வந்தபோது குரல் கைகொடுக்காததால்தான் முழுமையாக அந்தப் பக்கம் திரும்பினார். 1939இல் வெளிவந்த ‘ஸ்டேஜ்கோச்’ படத்தில், பாய்ந்தோடும் குதிரைகளுக்கு நடுவே விழுந்து, தரையில் இழுபட்டு, பிடியை விட்டதும் வண்டி தம்மைக் கடந்து போகும்வரை கிடப்பவர் அவரே (அந்தக் காட்சியை ஒருமுறை மெதுவாக ஓட்டிப் பாருங்கள்). ‘உதவி இயக்குநர்’ என்பதை மட்டும் திருத்திவிடுங்கள்: 1959இன் ‘பென்-ஹர்’ தேரோட்டத்தை ஆண்ட்ரூ மார்ட்டனுடன் சேர்ந்து படமாக்கியபோது அவர் இரண்டாம் படப்பிடிப்புக் குழுவின் (முதன்மைக் குழுவிலிருந்து தனியாகச் சில காட்சிகளைப் படமாக்கும் குழு) இயக்குநராக இருந்தார். அதில் சார்ல்டன் ஹெஸ்டனுக்குப் பதிலாகத் தேரிலிருந்து தூக்கி வீசப்படுபவர் கனட்டின் மகன் ஜோ.