கோபித்துக்கொண்டு தாய்வீடு போன மனைவியை ஆட்கொணர்வு மனு போட்டு அழைத்து வர முடியுமா?

காரைக்குடியில் இருந்து கேட்டிருக்கிறீர்கள்: மனைவி தேவகோட்டையில் பெற்றோர் வீட்டில் இருக்கிறார், மாமனார் அனுப்ப மறுக்கிறார், என்ன செய்வது என்று.

ஆட்கொணர்வு மனு என்பது, சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டவரை நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுத்தக் கேட்கும் மனு. சிவகங்கை மாவட்டம் என்பதால் அது உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குத்தான் போகும், அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவின் கீழ். அங்கே நீதிபதிகள் பார்ப்பது ஒன்றே ஒன்று: உங்கள் மனைவி சட்டவிரோதமாக அடைத்து வைக்கப்பட்டிருக்கிறாரா? அவரையே நேரில் வரவழைத்துக் கேட்பார்கள். "என் விருப்பத்தில்தான் இருக்கிறேன்" என்று அவர் சொன்னால் மனு அத்தோடு முடிந்தது. வயது வந்த பெண் எங்கே வாழ்வது என்பது அவர் முடிவு. கணவர் என்றாலும், அப்பச்சி (அப்பா) என்றாலும் இதில் உரிமை கிடையாது. 2018-இல், தந்தை எதிர்த்த ஒரு கேரளப் பெண்ணின் திருமணம் பற்றிய ஹாதியா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது.

சேர்ந்து வாழத்தான் கேட்கிறீர்கள் என்றால், இந்து திருமணச் சட்டம் 9-ஆம் பிரிவில் மனு போடலாம். ஆனால் அந்தத் தீர்ப்பும் ஒருவரைக் கையைப் பிடித்து வீட்டுக்கு அழைத்து வராது.

உண்மையாகவே பூட்டி வைத்திருக்கிறார்கள் என்றால் அது வேறு. அப்போது அடைத்து வைத்திருப்பவரைத் தேடி மீட்டுக் கொண்டுவரச் சொல்லும் தேடுதல் ஆணையை நீதித்துறை நடுவரிடமே கேட்கலாம்.

குழந்தை விஷயம் இன்னும் நுட்பமானது. தாயோ தந்தையோ வைத்திருப்பது பொதுவாகச் சட்டவிரோதம் ஆகாது. நீதிமன்றம் குழந்தையின் நலனைத்தான் முதலில் எடைபோடும். ஐந்து வயது நிறையாத குழந்தை சாதாரணமாகத் தாயிடம் இருக்க வேண்டும் என்பது 1956-ஆம் ஆண்டு இந்து இளவர் மற்றும் காப்பாளர் சட்டம்.

மனு போடும் முன் ஒருமுறை நீங்களே தேவகோட்டைக்குப் போய், பெரியவர்களை விலக்கிவிட்டு, அவரிடம் பேசுங்கள். ஏன் போனார் என்பதை முதலில் கேளுங்கள்.