தேள் கொட்டிய குழந்தைக்கு பிரஷர் மாத்திரை எதற்கு?

கேள்வி: டாக்டர், நாங்கள் செங்கம் பக்கம் ஒரு கிராமம். போன மாதம் என் 7 வயது மகனைச் செந்தேள் கொட்டிவிட்டது. வீறிட்டு அழுதான். என் மாமியார் சுண்ணாம்பு தடவி, பக்கத்துத் தெருப் பெரியவரிடம் கூட்டிப்போய் மந்திரித்தார். அரை மணி நேரத்தில் அழுகை அடங்கியது, விஷம் இறங்கிவிட்டது என்றார்கள். அப்புறம் இரண்டு தடவை வாந்தி, சட்டை நனைகிற அளவு வியர்வை, கை கால் ஜில்லென்று ஆகிவிட்டது. பயந்துபோய் ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனோம். விஷமுறிவு ஊசி போடாமல் பிரஷர் மாத்திரை கொடுத்து இரண்டு நாள் வைத்திருந்தார்கள். இப்போது நன்றாக இருக்கிறான். சின்னப் பையனுக்கு எதற்கு பிரஷர் மாத்திரை? பிற்காலத்தில் இதயத்துக்கு ஏதாவது வருமா? பூரான், குளவிக்கும் இப்படித்தான் பயப்பட வேண்டுமா?

பதில்: மகன் நலமாக இருக்கிறான் என்று படித்ததும் நிம்மதியாக இருந்தது, அம்மா. அந்த மருத்துவர் செய்தது முற்றிலும் சரி. உங்கள் மகனைக் காப்பாற்றியதே அந்த மாத்திரைதான்.

உங்கள் கடிதத்தில் ‘அழுகை அடங்கியது’ என்ற இடத்தில்தான் எனக்கு மனது பதறியது. செந்தேள் கொட்டி, அந்த இடத்தில் மட்டும் நெருப்பாய் எரிந்து, குழந்தை கத்திக்கொண்டே இருந்தால் பெரும்பாலும் விஷம் உடம்புக்குள் அதிகம் ஏறவில்லை என்று பொருள். வலி குறைவாக இருந்து, வாந்தியும் வியர்வையும் வந்து, கை கால் சில்லிட்டால் அதுதான் ஆபத்து. ஆண் குழந்தைகளுக்கு ஆணுறுப்பு விறைத்தே இருப்பதும் ஓர் ஆரம்ப அறிகுறி. சொல்லக் கூச்சப்பட்டுப் பலர் மறைத்துவிடுகிறார்கள், தயவுசெய்து மறைக்காதீர்கள்.

உள்ளே நடப்பது இதுதான். தேளின் விஷம் நரம்புகளைத் தூண்டிவிட்டு ஓயவிடாமல் செய்கிறது. பயந்தால் நமக்குப் படபடப்பைத் தரும் அதே அட்ரினலின் வகைச் சுரப்புகள் ஒரேயடியாக இரத்தத்தில் கொட்டுகின்றன. இரத்தக் குழாய்கள் இறுகி, இரத்த அழுத்தம் எகிறுகிறது. அந்த இறுக்கத்துக்கு எதிராக அடித்து அடித்து இதயம் களைத்துப்போகிறது. அடுத்து நுரையீரலில் நீர் கோத்து மூச்சு திணறும். நான் பயிற்சி மருத்துவராக இருந்த நாளில் ஒரு பெண் குழந்தையை அந்த நிலையில்தான் தூக்கிக்கொண்டு வந்தார்கள். வாயில் நுரை. காலையில் கொட்டியதற்குச் சாயங்காலம் வரை வேப்பிலை அடித்திருக்கிறார்கள். அந்தக் குழந்தையை எங்களால் காப்பாற்ற முடியவில்லை. இன்றும் அந்த முகம் மறக்கவில்லை.

பிரசோசின் என்ற அந்த மாத்திரை இறுகிய குழாய்களைத் தளர்த்திவிடுகிறது, இதயத்தின் சுமை இறங்குகிறது. தேள்கடிக்கு இதை நிலைநாட்டியவர் மகாராஷ்டிரத்தின் மகாட் ஊரைச் சேர்ந்த டாக்டர் ஹிம்மத்ராவ் பவஸ்கர். கிராமத்து ஆரம்ப சுகாதார நிலையத்தில் வேலை செய்தபடியே, தேள் கொட்டி வந்தவர்களைப் பக்கத்திலேயே இருந்து கவனித்துக் குறித்துவைத்தவர். கடுமையாக விஷமேறியவர்களில் 100-க்கு 30, 40 பேர் வரை இறந்துகொண்டிருந்தார்கள். 1980-களில் இந்த மாத்திரை வந்தபிறகு அது 5-க்கும் கீழே இறங்கியது. 2022-இல் அவருக்குப் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். என்னைக் கேட்டால், நம் நாட்டுக் கிராமத்து மருத்துவத்தில் நடந்த மிகப் பெரிய சாதனைகளில் இது ஒன்று.

தேளுக்கென்று விஷமுறிவு மருந்தும் உண்டு, ஆனால் எல்லா ஆஸ்பத்திரியிலும் இருக்காது. பாம்புக்கடி ஊசி தேளுக்கு வேலை செய்யாது. அது நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நாலுக்கு மட்டும்தான். ஒன்று மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன்: தாத்தாவின் பிரஷர் மாத்திரையை எடுத்து வீட்டிலேயே கொடுத்துவிடாதீர்கள். அளவு தவறினால் அழுத்தம் சட்டென்று விழுந்துவிடும்.

மாமியாரைக் கோபித்துக்கொள்ள வேண்டாம். பெரும்பாலான தேள்கடி தானாகவே அடங்கும் என்பதால் மந்திரம் பலித்த மாதிரிதான் தெரியும். இனி யாரையாவது கொட்டினால் இறுக்கிக் கட்ட வேண்டாம், கீற வேண்டாம். துணியில் ஐஸ் சுற்றி ஒற்றிக்கொண்டே 108-ஐக் கூப்பிடுங்கள். குழந்தை என்றால் அறிகுறி இல்லாவிட்டாலும் ஒரு நாள் ஆஸ்பத்திரியில் இருப்பதுதான் நல்லது. தேளைத் தேடி நேரத்தைக் கடத்த வேண்டாம். முன்பக்க இடுக்கிகள் பருத்த, பெரிய கருந்தேளைவிட, இடுக்கிகள் மெலிந்து வால் தடித்த சின்னச் செந்தேளுக்குத்தான் விஷம் அதிகம்.

பூரான் கடித்தால் வலியும் வீக்கமும் இருக்கும், உயிருக்கு ஆபத்து மிக அரிது. உடம்பில் அடிக்கடி தடிப்பு வந்தால் ‘என்றோ பூரான் கடித்த விஷம்’ என்பார்கள். அது பெரும்பாலும் வேறு காரணத்தால் வரும் ஒவ்வாமைத் தடிப்பு, அதற்குத் தனி சிகிச்சை உண்டு.

குளவி, கதண்டு, தேனீ விஷயம் வேறு. ஒவ்வாமை உள்ளவருக்கு ஒரே கொட்டு போதும். சில நிமிடங்களில் உதடு, முகம் வீங்கி மூச்சு அடைத்து மயக்கம் வரும். அங்கே உயிர் காப்பது தொடையில் போடும் அட்ரினலின் ஊசி, அதுவும் உடனே. கூட்டமாகக் கொட்டிவிட்டால் ஒவ்வாமை இல்லாதவருக்கும் சிறுநீரகம் பழுதாகலாம். சிறுநீர் கறுத்துப்போனாலோ குறைந்தாலோ தாமதிக்கக் கூடாது. தேனீ கொட்டினால் தோலில் நிற்கும் முள்ளை எப்படியாவது உடனே எடுத்துவிடுங்கள்.

இதயத்தைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். தேறி வந்தவர்களுக்குப் பொதுவாக இதயம் பழைய நிலைக்குத் திரும்பிவிடும். பையன் ஓடி ஆடட்டும். மனசமாதானத்துக்கு ஒரு முறை குழந்தை மருத்துவரிடம் காட்டி, அவர் தேவை என்று சொன்னால் எக்கோ (இதய ஸ்கேன்) எடுத்துக்கொள்ளுங்கள்.

வீட்டில் விறகு, தேங்காய் மட்டை, செங்கல் அடுக்கு எங்கே கிடக்கிறது என்று பாருங்கள். அவற்றைப் படுக்கிற இடத்திலிருந்து தள்ளிப் போடுங்கள். பிள்ளைகள் தரையில் படுக்க வேண்டாம். பள்ளிக்கூட ஷூவை உதறிவிட்டுப் போடச் சொல்லுங்கள். புற ஊதா டார்ச் கிடைத்தால் ராத்திரி சுவரோரம் அடித்துப் பாருங்கள், தேள் இருந்தால் பச்சையாய் மின்னும்.