குதிரை யாருடையது?
வாசகர் கேள்வி – பதில்

அமெரிக்காவின் வட மாநிலங்களும், பிரிந்து போன தென் மாநிலங்களும் மோதிய உள்நாட்டுப் போர் (1861–1865) பற்றிச் சென்ற இதழில் வெளியான கட்டுரையில் குதிரைப்படைக்கு இரண்டே வரிகள்தான் கிடைத்திருந்தன. அது பெரிய குறை என்று சென்னை வாசகர்கள் பலர் எழுதியிருக்கிறார்கள். அவர்கள் சொல்வது சரியே. ஆகவே இந்த முறை இப்பகுதி முழுவதும் அந்தப் படைக்கும் அதன் வீரர்களுக்கும் உரியது.

குதிரைப்படை என்றாலே வாளை உருவிக்கொண்டு பாய்ந்து வரும் காட்சிதான் மனத்தில் தோன்றுகிறது. உண்மையில் அப்படித்தான் போரிட்டார்களா? ஒரு ரெஜிமென்டில் எத்தனை பேர் இருந்தார்கள்?
*– வாசகர், பெரம்பூர்*

வடக்கின் படையில் ஒரு குதிரைப்படை ரெஜிமென்ட் என்பது ஏட்டளவில் பன்னிரண்டு கம்பெனிகள், ஏறத்தாழ ஆயிரத்து இருநூறு பேர். களத்தில் சில மாதங்கள் கழிந்த பின், நோயும் காயமும் குதிரையில்லாமையும் போக, அதில் மூன்றில் ஒரு பங்கு நின்றாலே பெரிது.

வாள் இருந்தது, பாய்ச்சலும் நடந்தது. 1863 ஜூன் 9 அன்று வர்ஜீனியாவின் பிராண்டி ஸ்டேஷனில் இரு தரப்பிலுமாக ஏறத்தாழ இருபதாயிரம் குதிரைவீரர்கள் மோதினார்கள். அமெரிக்க மண்ணில் நடந்த மிகப் பெரிய குதிரைப்படைப் போர் அதுதான். அங்கே ஃபிளீட்வுட் குன்றின் மேல் வாளோடு வாள் மோதியது. ஆனால் நாள்தோறும் நடந்த போர் வேறு வகையானது. குழலின் உட்புறம் சுருள்வரி வெட்டிய துப்பாக்கி (ரைஃபிள்) வந்த பிறகு காலாட்படையின் குண்டு முன்பைவிட மிகத் தொலைவு சென்று குறி தவறாமல் தைத்தது. குதிரையோ மனிதனைக் காட்டிலும் பெரிய இலக்கு. 1863 ஜூலையில் பென்சில்வேனியாவின் கெட்டிஸ்பர்க்கில் மூன்று நாள் நடந்த பெரும்போரின் மூன்றாம் நாள் மாலையில், பாறையும் மரமும் நிறைந்த சரிவில் காலாட்படையை நோக்கிப் பாயும்படி எலான் ஃபார்ன்ஸ்வொர்த் என்ற வடக்கின் இளம் தளபதிக்குக் கட்டளையிட்டார்கள். பயனில்லை என்று அவர் மறுத்துப் பார்த்தும் நடக்கவில்லை. அவருடைய உயிரும் அவரோடு சென்ற பலருடைய உயிரும் வீணாகப் போயின. பிரிகேடியர் ஜெனரல் பதவி அவருக்குக் கிடைத்துச் சில நாட்களே ஆகியிருந்தன.

ஆகவே குதிரையில் விரைந்து சென்று, இறங்கி, தரையில் நின்று சுடுவதே வழக்கமாயிற்று. நான்கு பேரில் மூவர் கார்பைன் என்னும் குட்டைத் துப்பாக்கியோடு முன்னே ஓடுவார்கள். நான்காமவன் நான்கு குதிரைகளையும் பிடித்துக்கொண்டு பின்னால் நிற்பான். ஒரு குதிரையின் கடிவாளத்தை அடுத்த குதிரையோடு இணைக்கத் தனித் தோல்வார் உண்டு. குண்டுச் சத்தத்தில் மிரண்டு திமிறும் நான்கு விலங்குகளை, தான் ஒரு குண்டும் சுடாமல், ஓடியும் போகாமல் பிடித்து நிற்பவனுடைய மனநிலையை எண்ணிப் பாருங்கள். மெரினாவில் காவல்துறைக் குதிரை ஒன்று கூட்டத்தின் பட்டாசுச் சத்தத்தில் பக்கவாட்டில் துள்ளியதையும், காவலர் அதன் கழுத்தைத் தட்டிக்கொடுத்து அடக்கப் பட்டபாட்டையும் ஒருமுறை அருகில் நின்று பார்த்தேன். அது ஒரே குதிரை.

கெட்டிஸ்பர்க்கின் முதல் நாளான ஜூலை 1 காலையில், வடக்கின் தளபதி ஜான் ப்யூஃபோர்டின் மூவாயிரத்துக்கும் குறைவான வீரர்கள் இப்படித்தான் இறங்கி நின்று, தங்களைவிடப் பெரிய காலாட்படையைத் தாமதப்படுத்தினார்கள். பின்பக்கமாகத் தோட்டா போடும் கார்பைன்கள் அவர்களிடம் இருந்ததால், படுத்த நிலையிலும் விரைவாகச் சுட முடிந்தது.

குதிரையை அரசு கொடுத்ததா, வீரன் கொண்டுவந்தானா? தீனிக்கு என்ன செய்தார்கள்? நான் ஓய்வுபெற்ற கால்நடை மருத்துவர் என்பதால் கேட்கிறேன்.
*– வாசகர், வேளச்சேரி*

ஐயா, இந்தப் போரில் குதிரைப்படையின் ஏற்ற இறக்கம் முழுவதும் தாங்கள் கேட்ட கேள்விக்குள்தான் இருக்கிறது என்பது என் கருத்து.

வடக்கில் குதிரை அரசுடையது. தெற்கில் வீரனே தன் குதிரையைக் கொண்டுவர வேண்டும். அரசு அதற்கு நாளொன்றுக்கு 40 சென்ட் வாடகை தந்தது. மாதக் கணக்கில் பார்த்தால் அது வீரனின் சம்பளத்துக்கு ஏறத்தாழச் சமம். குதிரை போரில் கொல்லப்பட்டால் மதிப்பிட்ட விலை கிடைக்கும். நோயிலோ பட்டினியிலோ செத்தாலும், லாடம் தேய்ந்து நொண்டியானாலும் இழப்பு அவனுடையது. வேறு குதிரை தேடிக்கொள்ள வேண்டும். இல்லையேல் காலாட்படைக்குப் போக வேண்டும். வர்ஜீனியாக்காரன் சில நாட்களில் வீட்டுக்குப் போய் இன்னொன்றைப் பிடித்து வந்துவிடலாம். தென் கரோலினாவிலிருந்து வந்தவன் பல நூறு மைல் போய்த் திரும்ப வேண்டும். இப்படி விடுப்பில் போனவர்களாலேயே ரெஜிமென்டுகள் பாதியாகக் குறைந்தன.

தொடக்கத்தில் தெற்கின் கை ஓங்கியிருந்ததற்கும் இதே ஏற்பாடுதான் ஒரு காரணம். சிறுவயது முதல் ஏறிப் பழகிய சொந்தக் குதிரையோடு வந்தவனுக்குப் பயிற்சியே தேவைப்படவில்லை. 1862 ஜூனில் தெற்கின் குதிரைப்படைத் தளபதி ஜெப் ஸ்டூவர்ட் ஏறத்தாழ ஆயிரத்து இருநூறு பேருடன் வடக்கின் படை முழுவதையும் சுற்றி வந்தது அந்தத் திறமையால்தான். வடக்கின் நகரத்து இளைஞர்களில் பலர் அப்போதுதான் சேணம் பூட்டக் கற்றுக்கொண்டிருந்தார்கள்.

ஆனால் போர் நீண்டது. வடக்கின் விதிப்படி ஒரு குதிரைக்கு நாளொன்றுக்கு 14 பவுண்டு உலர்புல்லும் 12 பவுண்டு தானியமும் தர வேண்டும். நம் கணக்கில் கிட்டத்தட்ட 12 கிலோ. நாம் கொள்ளு வைப்பது போல அவர்கள் ஓட்ஸோ மக்காச்சோளமோ வைத்தார்கள். ஆயிரம் குதிரைகள் என்றால் ஒரே நாளில் 12 டன். அதை இழுத்துவரும் வண்டிகளின் கோவேறு கழுதைகளுக்கும் தீனி வேண்டும். படை ஓரிடத்தில் ஒரு வாரம் தங்கினால் சுற்றுவட்டாரத்தில் புல்லே இருக்காது. ஆளும் சேணமும் ஆயுதமுமாக நூறு கிலோவுக்கு மேல் சுமக்கும் குதிரை, பல நாள் சேணம் கழற்றப்படாமலே நடந்தது. முதுகுப் புண், குளம்பு அழுகல், கிளாண்டர்ஸ் தொற்று ஆகியவை குண்டைவிட அதிகமான குதிரைகளைக் கொண்டுபோயின. தங்களைப் போன்ற பயிற்சி பெற்ற மருத்துவர்கள் அப்போது அமெரிக்காவில் மிகச் சிலரே.

1863 ஜூலையில் வடக்கு குதிரைப்படைக்கென்றே தனி அலுவலகம் ஒன்றை அமைத்தது. வாஷிங்டன் நகரில், பொடோமாக் கரையில், கீஸ்பரோ என்னுமிடத்தில் முப்பதாயிரம் குதிரைகளுக்கு இடமளிக்கும் லாயங்கள் எழுந்தன. களத்தில் சோர்ந்தவை அங்கே வந்து தேறின. புதியவை அங்கிருந்து போயின. தெற்கால் அப்படியொன்றைக் கட்ட முடியவில்லை. 1864 மே 11 அன்று யெல்லோ டேவர்னில் ஸ்டூவர்ட் குண்டடிபட்டு மறுநாள் இறந்தார். அவருடைய படையின் குதிரைகள் அதற்கு முன்பே மெலியத் தொடங்கிவிட்டிருந்தன.

இசை ஆசிரியர் ஒருவர் குதிரைப்படைக்குத் தலைமை தாங்கினார் என்பது உண்மையா?
*– மாணவி, திருவல்லிக்கேணி*

உண்மை. அவர் வடக்கின் தளபதி பெஞ்சமின் கிரியர்சன். சிறுவயதில் குதிரை உதைத்து முகத்தில் காயம்பட்டவர். 1863 ஏப்ரல் 17 அன்று டென்னஸியின் லா கிரேஞ்சிலிருந்து ஆயிரத்து எழுநூறு பேருடன் கிளம்பி, மிசிசிப்பி மாநிலத்தை வடக்கு தெற்காகக் கடந்து, ரயில் பாதைகளையும் தந்திக் கம்பிகளையும் அழித்தபடி, மே 2 அன்று லூயிசியானாவின் பேட்டன் ரூஜ் நகரைச் சேர்ந்தார்.

கறுப்பின மக்களுக்குக் குதிரைப்படையில் இடம் இருந்ததா?
*– வாசகர், வியாசர்பாடி*

வடக்கின் படையில் இருந்தது, மிகத் தாமதமாக. கறுப்பின வீரர்களைக் கொண்டு ஆறு கூட்டாட்சிக் குதிரைப்படை ரெஜிமென்டுகளும், அவை தவிர ஐந்தாம் மாசசூசெட்ஸ் குதிரைப்படையும் எழுந்தன. வெள்ளையருக்கு மாதம் 13 டாலர் கொடுத்தபோது, கறுப்பினத்தவருக்குப் பத்து டாலர் என்று சொல்லி அதிலும் மூன்றைத் துணிக்காகப் பிடித்துக்கொண்டார்கள். 1864 ஜூன் வரை இந்த அநீதி நீடித்தது.

ஐந்தாம் கறுப்பினக் குதிரைப்படையின் கதையை மறக்கவே கூடாது. கென்டக்கியில், அடிமைத்தளையிலிருந்து வந்தவர்களைக் கொண்டு அமைந்த அந்த ரெஜிமென்டுக்குப் பழகாத குதிரைகளும், சேணத்தில் அமர்ந்தபடி வெடிமருந்தை இடித்து நிரப்பவே முடியாத நீண்ட காலாட்படைத் துப்பாக்கிகளும் தரப்பட்டன. 1864 அக்டோபரில் வர்ஜீனியாவின் சால்ட்வில்லை நோக்கிப் போனார்கள். தெற்கின் படைக்கு இறைச்சியைப் பதப்படுத்தும் உப்பு அங்கேதான் விளைந்தது. கருவாடு தெரிந்த நமக்கு உப்பின் அருமையைச் சொல்ல வேண்டியதில்லை. வழியெல்லாம் உடன்வந்த வெள்ளை வீரர்கள் அவர்களை ஏளனம் செய்தார்கள், தொப்பியைப் பறித்தார்கள். அக்டோபர் 2 அன்று அவர்கள் மேட்டில் ஏறிப் போரிட்டதைப் பார்த்த பின், திரும்பும் வழியில் ஏளனம் நின்றது என்று அவர்களை நடத்திச் சென்ற அதிகாரியே எழுதிவைத்திருக்கிறார். ஆனால் களத்தில் விட்டுவர நேர்ந்த காயம்பட்டவர்களைத் தெற்கின் ஆட்கள் படுக்கையிலேயே சுட்டுக் கொன்றார்கள். கொலையாளிகளில் சாம்ப் ஃபெர்குசன் என்பவன் போருக்குப் பின் விசாரிக்கப்பட்டுத் தூக்கிலிடப்பட்டான். அதே ஆண்டு டிசம்பரில் ஐந்தாம் ரெஜிமென்ட் மறுபடியும் சால்ட்வில்லுக்குச் சென்றது. அந்த முறை உப்பளங்கள் அழிக்கப்பட்டன.

சரணடைந்த பிறகு சொந்தக் குதிரைகள் என்னவாயின?
*– வாசகி, அண்ணா நகர்*

1865 ஏப்ரல் 9 அன்று வர்ஜீனியாவின் அப்போமட்டாக்ஸில் சரணடைவு ஒப்பந்தத்தைப் படித்துப் பார்த்த தெற்கின் தளபதி லீ, தங்கள் படையில் சாதாரண வீரர்களும் சொந்தக் குதிரை வைத்திருப்பதாகச் சொன்னார். எழுதிய வாசகத்தில் அதிகாரிகளுக்கு மட்டுமே குதிரையைக் கொண்டுபோக அனுமதி இருந்தது. வடக்கின் தளபதி கிராண்ட் வாசகத்தைத் திருத்தவில்லை. ஆனால், குதிரையோ கோவேறு கழுதையோ தன்னுடையது என்று சொல்லும் ஒவ்வொருவனையும் அதை ஓட்டிக்கொண்டு போக விடும்படி தம் அதிகாரிகளுக்குச் சொல்வதாக ஒப்புக்கொண்டார். பெரும்பாலோர் சிறு விவசாயிகள் என்பதும், உழவு விலங்கு இல்லாமல் அவர்கள் அடுத்த குளிர்காலத்தைத் தாண்ட முடியாது என்பதும் அவருக்குத் தெரிந்திருந்தது. மாதமோ ஏப்ரல், அவர்கள் ஊர்களில் விதைப்புக் காலம். நான்கு ஆண்டுகள் சேணம் சுமந்து பிழைத்த குதிரைகள், முதுகுப் புண் ஆறுவதற்குள் ஏரில் பூட்டப்பட்டன.