கொடி எந்தத் துணி?

கேள்வி: ஆகஸ்ட் 15 அன்று எங்கள் குடியிருப்பில் எல்லா வீட்டு வாசலிலும் கொடி ஏற்றினோம். எதிர்வீட்டுக் கல்லூரி மாணவன் மட்டும் ஏற்றவில்லை. 'கண்மாயில் கலக்கிற சாக்கடையை முதலில் நிறுத்துங்கள், பிறகு கொடி ஏற்றலாம்' என்கிறான். எதற்கெடுத்தாலும் குறை சொல்லும் இப்படிப்பட்டவர்களுக்கு நாட்டுப்பற்று உண்டா?
(திருமங்கலம் அருகிலிருந்து ஒரு வாசகர்)

பதில்: நீங்கள் ஏற்றிய கொடி எந்தத் துணி? முதலில் அதைச் சொல்லுங்கள்.

பேச்சை மாற்றுவதாக நினைக்க வேண்டாம். ஆகஸ்ட் முதல் வாரத்தில் மதுரை டவுன்ஹால் ரோட்டில் விற்ற கொடி ஒன்றை வாங்கிக் கையில் விரித்துப் பார்த்தேன். பாலியஸ்டர். ஓரம் மடித்துத் தைக்கப்படவில்லை; சூட்டுக் கம்பியால் வெட்டியிருந்தார்கள். காவி நிறம் வெள்ளைக்குள் ஒரு விரல் அகலம் இறங்கியிருந்தது. சக்கரம் கோழிமுட்டை போல நீண்டிருந்தது. 24 ஆரங்கள் இருக்க வேண்டிய இடத்தில் நீல மை அப்பியிருந்ததால் எண்ண முடியவில்லை. நீளமும் அகலமும் மூன்றுக்கு இரண்டு என்ற கணக்கில் இருக்க வேண்டும் என்று விதி இருக்கிறது. அச்சடித்தவர் அதைக் கேள்விப்பட்டதாகத் தெரியவில்லை. வாங்கியவர்களும் கேட்கவில்லை.

இந்தியத் தர நிர்ணய அமைப்பின் பட்டியலில் முதல் எண், ஐ.எஸ். 1, தேசியக் கொடிக்கு உரியது. சிமெண்டுக்கும் இரும்புக்கும் முன்பாகக் கொடிக்குத் தரம் வகுத்தவர்கள் நம் முன்னோர். கையால் நூற்று, கையால் நெய்த துணியில்தான் கொடி இருக்க வேண்டும் என்று வைத்திருந்தார்கள். 2021 டிசம்பர் 30 அன்று கொடி விதிகளில் வந்த திருத்தம் பாலியஸ்டரையும் இயந்திரத்தையும் அனுமதித்தது. மலிவாகக் கிடைக்கும், எல்லா வீட்டுக்கும் போய்ச் சேரும் என்று ஆதரித்தவர்கள் சொன்னார்கள்.

மலிவு என்கிற அந்த வாதம் மதுரைக்குப் பழையது. அதற்கு நூறு ஆண்டுகளுக்கு முன்னால், 1921 செப்டம்பரில், காந்தி சென்னையிலிருந்து மதுரைக்கு ரயிலில் வந்துகொண்டிருந்தார். கிலாபத் இயக்கத் தலைவர் மௌலானா முகமது அலி கைதாகியிருந்த நேரம். பெட்டியில் இருந்த கூட்டம் அதைப் பற்றிய கவலையே இல்லாமல் அந்நியத் துணியில் உட்கார்ந்திருந்தது. கதர் உடுத்துங்கள் என்று அவர்களிடம் மன்றாடினார். 'நாங்கள் ஏழைகள், கதர் விலை அதிகம், எங்களால் வாங்க முடியாது' என்று பதில் வந்தது. காந்தியே பிற்பாடு இதை எழுதியிருக்கிறார். மதுரை வந்து மேலமாசி வீதி வீட்டில் தங்கியவர், செப்டம்பர் 22 அன்று சட்டையையும் தொப்பியையும் நீண்ட வேட்டியையும் விட்டுவிட்டு அரைத்துணிக்கு மாறினார்.

ஆண்டுதோறும் அந்த நாளில் மேடை ஏறுகிறவர்கள் 'எளிமை, எளிமை' என்றே பேசுகிறார்கள். இந்தப் பக்கத்தில் பல ஆண்டுகளாக அவர்களோடு மல்லுக்கு நிற்கிறேன், இன்னும் நிற்பேன். எளிமை காந்தியிடம் அதற்கு முன்பே இருந்தது. மதுரையில் நடந்தது வேறு. தான் நாட்டுக்காகச் சொன்ன ஒரு சொல்லுக்கு முகம் தெரியாத சிலர் மறுமொழி சொன்னார்கள். அந்த மறுமொழியை அவர் காதில் வாங்கினார். உங்களுக்கு நாட்டுப்பற்று இல்லை என்று அவர்களைச் சபிக்காமல், தன் உடம்பில் இருந்த துணியைக் குறைத்தார். கதர் விலை அதிகம் என்ற குரல் எழுந்தபோது 1921இல் ஒருவர் தன் சட்டையைக் கழற்றினார். 2021இல் நாம், கொடியில் கதர் இல்லாவிட்டாலும் பரவாயில்லை என்று விட்டுவிட்டோம். நூற்பவருக்கும் நெய்பவருக்கும் அந்தக் கொடியில் இருந்த ஒரு பங்கு போனதைப் பற்றி அடுத்த ஆகஸ்டில் ஒரு வீட்டு வாசலிலும் பேச்சில்லை.

நாட்டுப்பற்று என்று நான் மதிப்பது மறுமொழியைக் கேட்கும் அந்தக் காதைத்தான். நாட்டின் பெயரால் ஒன்றைச் சொல்கிறோம். நாட்டின் கடைசி வரிசையில் இருப்பவர் அதற்கு ஒரு பதில் சொல்கிறார். அந்தப் பதிலுக்குப் பிறகு நாம் மாறுகிறோமா, அவரை மிரட்டுகிறோமா என்பதை வைத்தே பற்றை எடைபோட வேண்டும்.

காந்தி 1927இலும் 1934இலும் மதுரைக்கு வந்தார். மீனாட்சி அம்மன் கோயிலுக்குள் போகவில்லை. ஒடுக்கப்பட்டவர்களுக்குத் திறக்காத வாசல் தனக்கும் வேண்டாம் என்றிருந்தார். 1939 ஜூலை 8 அன்று மதுரை காங்கிரஸ்காரரான வைத்தியநாத ஐயர், ஒடுக்கப்பட்ட சமூகத்தில் பிறந்த கக்கன் உள்ளிட்டவர்களை அழைத்துக்கொண்டு உள்ளே போனார். சொந்தச் சமூகத்தார் பலர் ஐயரைத் தள்ளி வைத்தார்கள். அவர் பின்வாங்கவில்லை. அதன் பிறகு, 1946இல்தான் காந்தி அந்தக் கோயிலுக்குள் நுழைந்தார். இந்த ஊரின் மீது ஐயருக்கு இருந்த பற்றைவிடப் பெரிய பற்றை நான் அறியேன். ஊரின் குறையைச் சொல்வதோடு நிற்காமல், அதைக் கையைப் பிடித்து உள்ளே அழைத்துப் போய்த் தீர்த்த மனிதர்.

திருமங்கலத்துக்காரரிடம் பேசுவதால் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். பெருங்காமநல்லூர் உங்களுக்குத் தொலைவில் இல்லை. குற்றப் பரம்பரைச் சட்டத்தை உசிலம்பட்டிப் பக்கம் 'ரேகைச் சட்டம்' என்பார்கள். ஒரு சாதியில் பிறந்த ஒரே காரணத்துக்காகப் பத்து விரலையும் பதிந்து கொடுத்துவிட்டு, இரவானால் காவல் நிலையத்தில் போய்ப் படுக்க வேண்டும். 1920 ஏப்ரல் 3 அன்று பெருங்காமநல்லூர் மக்கள் ரேகை வைக்க மறுத்தார்கள். போலீஸ் சுட்டது. மாயக்காள் என்ற பெண் உட்பட 16 பேர் செத்தார்கள். ஜாலியன்வாலாபாக் நடந்து அப்போது ஓர் ஆண்டுகூட நிறையவில்லை. அதை நாடே அறியும்; இதை மதுரை வட்டாரத்துக்கு வெளியே எத்தனை பேர் அறிவார்கள்?

அத்தோடு முடியவில்லை. 1937இல் நம்மவர்கள், காங்கிரஸ்காரர்கள், ஆட்சிக்கு வந்தார்கள். ஆலயப் பிரவேசத்துக்குச் சட்டப் பாதுகாப்புக் கொடுத்த அதே ராஜாஜி ஆட்சி, ரேகைச் சட்டத்தை நீக்காமலே போனது. சென்னை மாகாணத்தில் அது நீங்க 1947 ஆயிற்று. கோயில் வாசலில் நின்றவரின் குரலைக் கேட்டவர்களுக்குக் காவல் நிலையத்தில் படுத்துக் கிடந்தவரின் குரல் கேட்கவில்லை. கதர் உடுத்தியவர்கள்தான் ஆண்டார்கள். கதரைத் தூக்கிப் பிடிக்கும் நான் இதையும் சொல்லாவிட்டால் என் கதர்ப் பேச்சுக்கு மதிப்பில்லை. தியாகிகளை இழிவுபடுத்துகிறேன் என்று இப்போதும் கடிதம் வரும். தியாகிகள் மீது எனக்குள்ள மரியாதை அவர்களுடைய ஆட்சியின் கணக்கைப் பார்ப்பதால் குறைந்துவிடாது.

அண்மைக் கதைக்கு வருகிறேன். 2024 நவம்பரில், மேலூர்ப் பக்கம் அரிட்டாபட்டியை உள்ளடக்கிய நாயக்கர்பட்டி டங்ஸ்டன் சுரங்கத்துக்கு ஏலம் முடிந்த செய்தி வந்தது. 2,000 ஹெக்டேருக்கு மேற்பட்ட நிலம். டங்ஸ்டன் நாட்டுக்குத் தேவையான கனிமம்தான், அதில் சண்டையில்லை. ஆனால் தமிழ்நாட்டின் முதல் பல்லுயிர் மரபுத் தலம் என்று 2022இல் அறிவிக்கப்பட்ட மலை அங்கே இருக்கிறது. சமணர் படுகையும் தமிழி (தமிழ் பிராமி) கல்வெட்டும் பாண்டியர் காலக் குடைவரையும் வல்லூறு தங்கும் பாறையும் இருக்கின்றன. அந்த மலைகளில் விழுந்த மழைதான் கண்மாய்களை நிரப்புகிறது. ஊரார் கிராம சபைகளில் தீர்மானம் போட்டார்கள். 2025 ஜனவரி 7 அன்று மதுரையை நோக்கித் திரண்டு நடந்தார்கள். ஜனவரி 23 அன்று மத்திய அரசு ஏலத்தை ரத்து செய்தது.

நாட்டுக்குத் தேவை என்றபோது, அந்த நாட்டில் நாங்களும் இருக்கிறோம் என்று அவர்கள் பதில் சொன்னார்கள். எந்தப் பாறையில் வழியும் தண்ணீர் எந்தக் கண்மாய்க்குப் போகிறது, எந்த மடை திறந்தால் யார் வயல் பாயும் என்று தெரிந்தவர்கள் சொன்ன பதில் அது. அதனால்தான் அதற்கு அவ்வளவு பலம் இருந்தது. மண்ணைத் தெரியாதவர் மண்ணை வாழ்த்தலாம், காக்க முடியாது.

இனி உங்கள் எதிர்வீட்டுப் பையன். கொடிக்கு அவன் நிபந்தனை போட்டது தவறு. அது அவனுடைய கொடியும்தான். சாக்கடையை விடுகிறவர்களிடம் அதை விட்டுக்கொடுத்துவிட்டு அவன் ஒதுங்கக் கூடாது. இதை அவனிடம் நான் சொன்னதாகச் சொல்லுங்கள்.

ஆனால் உங்கள் கடிதத்தைத் திரும்பத் திரும்பப் படித்துப் பார்த்தேன். அவன் சொன்னது உண்மையா, பொய்யா என்று நீங்கள் ஓரிடத்திலும் எழுதவில்லை. கண்மாயில் சாக்கடை கலக்கிறதா? வரத்துக்கால் வழியாகவா, குடியிருப்பின் குழாய் நேரே இறங்குகிறதா? உங்கள் வீட்டுக் கழிவு எங்கே போகிறது? கொடி ஏற்றிய வீடுகளில் ஒருவராவது கரைமேல் ஏறிப் போய்ப் பார்த்தீர்களா?

உங்கள் குடியிருப்பு ஊராட்சிக்குள் இருந்தால், கொடி ஏற்றிய அதே ஆகஸ்ட் 15 அன்று அங்கே கிராம சபையும் கூட்ட வேண்டிய நாள். போனீர்களா? போகவில்லை என்றால் அடுத்தது அக்டோபர் 2. அதற்கு முன் ஒரு காலை அந்தப் பையனோடு கண்மாயைச் சுற்றி வாருங்கள். கலக்கிற இடத்தைப் புகைப்படம் எடுங்கள். சபையில் எழுந்து பேசுங்கள். கூட்டம் முடியுமுன் வருகைப் பதிவில் கையெழுத்து வாங்கிக்கொண்டு அனுப்பப் பார்ப்பார்கள். தீர்மானப் பதிவேட்டில் கண்மாய் ஏறியதா என்று வாசித்துப் பார்த்த பிறகே எழுந்திருங்கள். நகல் ஒன்று எனக்கும் அனுப்புங்கள். இதே பக்கத்தில் வெளியிடுகிறேன்.