கனடாவின் வடகாட்டில் மரம் வெட்டுவதை நிறுத்தினாலே கரிபூ மான்கள் பிழைத்துக்கொள்ளுமா? பூர்வகுடிகளிடம் பொறுப்பை விட்டால் உண்மையில் என்ன மாறுகிறது?

நிறுத்தினால் மட்டும் போதாது. வெட்டிய காடு தானாக மீள்வதற்குள் பல மந்தைகள் காலியாகிவிடும். எண்ணெய், எரிவாயு தேடி ஏற்கெனவே காட்டுக்குள் நேர்கோடாக வெட்டிய பாதைகளை (கோடுகளை) மூட வேண்டும். அவை மூடும்வரை குட்டிகளைக் காப்பாற்றியாக வேண்டும். இரண்டையும் இருபது முப்பது வருஷம் விடாமல் செய்ய அந்த மண்ணிலேயே இருக்கும் ஆட்கள் வேண்டும். உங்கள் இரண்டாவது கேள்விக்கான விடை இந்தக் கடைசி விஷயத்தில்தான் இருக்கிறது.

முதலில் கரிபூ எப்படிப் பிழைக்கிறது என்று பார்ப்போம். யூகோனில் தொடங்கி நியூஃபவுண்ட்லாந்து வரை நீளும் வடகாட்டில் கரிபூ தேர்ந்தெடுப்பது வேறு எதற்கும் பிடிக்காத இடம்: கறுப்பு ஸ்ப்ரூஸ் மரம் நிற்கும் பீட் (பாதி மக்கிய பாசிப் படிவு) சதுப்பு, முதிர்ந்த பைன் காடு. அங்கே குளிர்காலத்தில் அதற்கு முக்கிய உணவு லைக்கன். (செட்டிநாட்டு மசாலாவில் போடுகிற கல்பாசியும் ஒரு லைக்கன்தான்.) தரையில் வளரும் லைக்கன் வருஷத்துக்குச் சில மில்லிமீட்டர்தான் ஏறும். காடு எரிந்தால் மான் மேய்கிற அளவுக்கு அது திரும்பி வர நாற்பது வருஷத்துக்கு மேல் ஆகும். ஒரு பெண் கரிபூ வருஷத்துக்கு ஒரு குட்டிதான் போடும். மூஸ் என்ற பெரிய மானுக்கு இரட்டைக் குட்டி சாதாரணம். கரிபூ போல மெதுவாகப் பெருகும் விலங்குக்கு ஒரே பாதுகாப்பு, மற்ற மான்களும் ஓநாயும் வராத இடத்தில் சிதறி வாழ்வது.

மரம் வெட்டிய இடத்தில் இளந்தளிர் வரும். தளிரைத் தேடி மூஸும் வெள்ளைவால் மானும் வரும். அவை பெருகினால் ஓநாயும் பெருகும். ஓநாய்க்கு முக்கிய இரை மூஸ்தான், கரிபூ வழியில் கிடைப்பது. ஆனால் மூஸ் ஏராளமாக இருப்பதால், கரிபூ எவ்வளவு குறைந்தாலும் ஓநாய் பட்டினி கிடப்பதில்லை. அதனால் கடைசிக் கரிபூ வரை வேட்டை தொடர முடிகிறது. கரிபூவுக்கு மேய்ச்சல் இருந்தும் மந்தை குறைவது இதனால்தான்.

அடுத்தது கோடுகள். வெளியில் அதிகம் பேசப்படாத விஷயம் இது. எண்ணெய், எரிவாயு தேடும்போது நில அதிர்வு ஆய்வுக்காகக் காட்டை நேர்கோடாகப் பிளந்துகொண்டு போவார்கள். சைஸ்மிக் கோடு என்பது இதுதான். பழைய கோடுகள் 5 முதல் 10 மீட்டர் அகலம். வடக்கு ஆல்பர்ட்டாவில் சில இடங்களில் ஒரு சதுர கிலோமீட்டருக்குள் 10 கிலோமீட்டருக்கு மேல் கோடு ஓடுகிறது. இந்தக் கோடுகளில் ஓநாய் காட்டுக்குள் போவதைவிட இரண்டு மூன்று மடங்கு வேகமாக நடக்கும். ஒரே நாளில் அதிக தூரம் தேடும், முன்பு எட்டாத சதுப்புக்குள்ளும் நுழையும்.

ஒரு கணக்கு போட்டுப் பாருங்கள். 8 மீட்டர் அகலக் கோடுகளை ஒரு கிலோமீட்டர் இடைவெளியில் இணையாகப் போட்டால், வெட்டிய பரப்பு ஒரு சதவீதம்கூட இல்லை. ஆனால் கனடா அரசின் கரிபூ மீட்புத் திட்டம் ஒவ்வொரு கோட்டுக்கும் இருபுறமும் 500 மீட்டரைப் பாதிக்கப்பட்ட நிலமாகக் கணக்கிடுகிறது. அந்தக் கணக்கில் அந்தக் காடு நூறு சதவீதம் சிதைந்தது. செயற்கைக்கோள் படத்தில் அது பச்சைப் பசேலென்றுதான் தெரியும். "எங்கள் மாகாணத்தில் காடு குறையவே இல்லை" என்று யாராவது புள்ளிவிவரம் காட்டினால், அவர்கள் மரத்தை எண்ணுகிறார்கள் என்று அர்த்தம்.

2012இல் வந்த அந்தத் திட்டம் 51 மந்தைகளைப் பட்டியலிட்டது. ஒவ்வொன்றின் வாழிடத்திலும் குறைந்தது 65 சதவீதம் குலையாமல் இருக்க வேண்டும் என்றது. அப்படி இருந்தால் மந்தை தன்னால் நிலைப்பதற்கு 60 சதவீத வாய்ப்பு. பெரிய உத்தரவாதம் ஒன்றும் இல்லை. பல மந்தைகளுக்கு அந்த 65கூட இல்லை.

கோட்டை அப்படியே விட்டால் மரம் முளைத்து மூடிவிடாதா? மேட்டு நிலத்தில் ஓரளவு மூடும். சதுப்பில் முப்பத்தைந்து வருஷம் கழித்தும் பெரும்பாலானவை திறந்தே கிடக்கின்றன. காரணம் நீர்மட்டம். கனரக வண்டி ஓடும்போது பாசி மேடுகள் நசுங்கிப் பீட் அமுங்கிவிடுகிறது. மேடு போனால் தரை நீர்மட்டத்தோடு சமம். ஸ்ப்ரூஸ் விதை விழுந்தாலும் வேர் தண்ணீரில் மூச்சுத் திணறிச் சாகும். அதையும் மீறி முளைப்பதைக் குவாட் பைக்கும் ஸ்னோமொபைலும் மிதித்துவிடும்.

அதனால் மேட்டைத் திரும்பக் கட்டித் தருகிறார்கள். வேலை ஜனவரி முதல் மார்ச் வரைதான், தரை உறைந்திருந்தால்தான் பொக்லைன் சதுப்பில் நிற்கும். வாளியால் ஒரு அள்ளு பீட் எடுத்துக் குழிக்குப் பக்கத்திலேயே வைத்து அழுத்துவார்கள். சுமார் 80 சென்டிமீட்டர் உயர மேடு. கோடையில் குழியில் தண்ணீர் நிற்கும், மேடு காய்ந்து நிற்கும். அதன் மேல் கறுப்பு ஸ்ப்ரூஸ் நாற்று. போகிற வழியில் கோட்டோர மரங்களைக் குறுக்கே சாய்த்துவிடுவார்கள். நாற்று தடுப்பாக வளர இருபது முப்பது வருஷம் ஆகும், சாய்த்த மரம் அன்றைக்கே தடுக்கும். செலவு கிலோமீட்டருக்குப் பத்தாயிரம் டாலரைச் சாதாரணமாகத் தாண்டும்.

தவறுவதற்கும் நிறைய வழி உண்டு. உறைபனி ஆழமாக இறங்கிய பிறகு தோண்டினால் பீட் பாளம் பாளமாக வரும், வசந்தத்தில் உருகி மேடு உட்கார்ந்துவிடும். போதுமான அளவு உறையாமல் இருந்தால் வண்டி புதைந்து, சரிசெய்ய வந்த இடத்திலேயே இன்னொரு தடம் விழும். பாசியைத் தலைகீழாகக் கவிழ்த்தால் வெறும் பீட் வெயிலில் காய்ந்து கார்பனையும் இழக்கும். பாசி மேல்முகமாக இருக்கும்படி மேட்டை அப்படியே பெயர்த்து வைப்பது நல்லது, ஆனால் அதற்குக் கைதேர்ந்த ஓட்டுநர் வேண்டும். நுழைவாயிலில் மட்டும் கொஞ்ச தூரம் அடைத்தால் மனிதர் வண்டி நிற்கலாம், ஓநாய் சுற்றிக்கொண்டு உள்ளே ஏறிவிடும். ஒரு கோட்டை மூடினால் பக்கத்துக் கோட்டில் நடக்கும். ஆகவே மந்தையின் வாழிடம் முழுவதையும் எடுத்துக்கொண்டு செய்தால்தான் பலன். இத்தனையும் செய்த பிறகு, மூடிய கோட்டிலேயே புதிய ஆய்வுக்கு அனுமதி கொடுத்துவிட்டால் அத்தனையும் வீண்.

காடு மூட முப்பது வருஷம் என்றால் அதுவரை மந்தை? இதற்கு நன்றாகப் பதிவான உதாரணம் பிரிட்டிஷ் கொலம்பியாவின் வடகிழக்கில் உள்ள கிளின்சே-சா மந்தை. கண்டிப்பாகச் சொன்னால் இது மலைக் கரிபூ, வடகாட்டுக் கரிபூ அல்ல. ஆனால் நோயும் மருந்தும் ஒன்றுதான். 1968இல் டபிள்யூ.ஏ.சி. பென்னெட் அணை கட்டி வில்லிஸ்டன் நீர்த்தேக்கம் நிரம்பியபோது மந்தைகளின் வழி அறுந்தது. மரம் வெட்டுவதும் சுரங்கமும் மீதியை முடித்தன. எண்ணிக்கை சரிவதைப் பார்த்த அங்குள்ள வெஸ்ட் மோபர்லி பூர்வகுடி மக்கள் 1970களிலேயே தாங்களாக வேட்டையை நிறுத்திக்கொண்டார்கள். அரசு பூர்வகுடிகளோடு செய்த 1899இன் 8ஆம் ஒப்பந்தப்படி வேட்டை அவர்களுடைய உரிமை. 2013இல் மந்தையில் மிஞ்சியது 38 தலை.

வெஸ்ட் மோபர்லியும் பக்கத்துச் சோட்டோ பூர்வகுடியும் 2014இல் பிரசவப் பட்டி தொடங்கினார்கள். மார்ச் மாதம் ஹெலிகாப்டரிலிருந்து வலை வீசிச் சினை மான்களைப் பிடித்து, மயக்க மருந்து கொடுத்து, கண்ணைக் கட்டி மலை மேலுள்ள பட்டிக்குக் கொண்டுபோவார்கள். வேலி கம்பி வலை அல்ல, கனமான கறுப்பு ஜியோடெக்ஸ்டைல் துணி. உள்ளே இருப்பது வெளியே தெரியாது, வெளியே நடப்பது உள்ளே தெரியாது. மான் மிரண்டு வேலியில் மோதாது. வெளிப்புறம் கரடிக்கும் ஓநாய்க்கும் மின்வேலி. முதல் நாட்களில் ஊர் மக்கள் கையால் பொறுக்கி மூட்டை கட்டி வைத்த லைக்கன்தான் தீவனம். பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் குச்சித் தீவனத்தைக் கலப்பார்கள். ஒரேயடியாக மாற்றினால் இரைப்பையில் உள்ள நுண்ணுயிர்கள் ஈடுகொடுக்காமல் வயிறு உப்பிச் சாகும். காவலர்கள் பட்டியருகிலேயே முறைபோட்டுத் தங்கி வேலியைச் சுற்றி வருவார்கள். குட்டிகள் ஓடத் தெரிந்த பிறகு, கோடையில் திறந்துவிடுவார்கள்.

பட்டி மட்டும் போதாது. திறந்துவிட்ட மறுவாரமே ஓநாய் அடித்துவிட்டால் என்ன பயன்? அதனால் ஓநாய்களைக் குறைப்பதும் சேர்ந்தே நடந்தது. பலருக்கு இது கசக்கும். எனக்கும் இதில் மகிழ்ச்சி இல்லை. ஆனால் வாழிடத்தைக் குலைத்துவிட்டு, ஓநாயையும் தொடக்கூடாது என்றால், கரிபூவை விட்டுக்கொடுக்கிறோம் என்பதை வெளிப்படையாகச் சொல்லிவிட வேண்டும். 2021இல் மந்தை 101 ஆனது. ஓநாய்க் குறைப்பும் பட்டியும் அவகாசம் வாங்கித் தருகின்றன, அவ்வளவுதான். அவற்றை நிறுத்திய பிறகும் மந்தை நிற்குமா என்பதைக் காடுதான் முடிவு செய்யும்.

இந்த மந்தை பிழைத்ததற்குப் பாரம்பரிய அறிவு மட்டும் காரணம் என்று சொல்வது அவர்களைப் புகழ்வது போலத் தோன்றும், உண்மையில் பாதியை மறைப்பது. மறுபாதி சட்ட அதிகாரம். பக்கத்தில் பர்ன்ட் பைன் என்றொரு சிறு மந்தை இருந்தது. அதன் நிலத்தில் நிலக்கரி ஆய்வுக்கு மாகாணம் அனுமதி கொடுத்ததை எதிர்த்து வெஸ்ட் மோபர்லி வழக்குப் போட்டு, 2011இல் மேல்முறையீட்டு நீதிமன்றம்வரை போய் வென்றது. அந்த மந்தை இன்று இல்லை. ஆனால் அந்தத் தீர்ப்பின் பலத்தில்தான் பேச்சுவார்த்தை மேசையில் அவர்களுக்கு இடம் கிடைத்தது. 2020 பிப்ரவரியில் கனடா, பிரிட்டிஷ் கொலம்பியா, இரு பூர்வகுடிகள் என நால்வரும் கையெழுத்திட்ட ஒப்பந்தம் சுமார் 8,000 சதுர கிலோமீட்டரில் புதிதாக மரம் வெட்டுவதையும் சுரங்கத்தையும் கட்டுப்படுத்தியது. மரஆலை ஊர்களில் கடும் எதிர்ப்பு. வேலை போகுமென்ற பயம் நியாயமானது, தங்களைக் கலந்துகொள்ளவில்லை என்ற குறையும் பொய்யல்ல. அதன் நடுவே பூர்வகுடிகள் மேல் கொட்டிய இனவெறிக்கு மட்டும் எந்த நியாயமும் கிடையாது.

அடுத்தது சம்பளம். பூர்வகுடிகளே தங்கள் நிலத்தில் செய்யும் காவலர் வேலை என்றால் படகில் ரோந்து, தண்ணீர் மாதிரி எடுப்பது, வேட்டைக்காரர்களிடம் பேசுவது, குளிர்காலத்தில் கரிபூ எச்சம் சேகரிப்பது. எச்சத்தை உறைநிலையிலேயே வைத்து ஆய்வகத்துக்கு அனுப்பினால், மேலே ஒட்டியிருக்கும் சளிப்படலத்திலிருந்து டிஎன்ஏ எடுத்து, மானைத் தொடாமலேயே தனித்தனியாக எண்ணிவிடலாம். வருஷா வருஷம் ஒரே இடத்தில் ஒரே ஆள் செய்தால்தான் இதற்கு மதிப்பு. ஓராண்டு மானியத்தில் ஓடும் திட்டங்களில், பழகிய ஆள் மார்ச் முடிவில் சம்பளம் நின்று சுரங்கத்துக்குப் போய்விடுவார். கனடாவின் வடமேற்குப் பிரதேசத்தில் கிரேட் ஸ்லேவ் ஏரியின் கிழக்குக் கோடியில் உள்ள லுட்செல் கே டெனே மக்கள் இதைச் சரியாகப் புரிந்துகொண்டார்கள். 1970 வாக்கில் அரசு தேசியப் பூங்கா கொண்டுவந்தபோது மறுத்தவர்கள் அவர்கள். 2019இல் தங்கள் நிபந்தனைகளோடு தைதெனே நெனே என்ற பாதுகாப்புப் பூங்காவை அமைத்தார்கள்: சுமார் 26,000 சதுர கிலோமீட்டர், கூட்டு நிர்வாகம், கூடவே 3 கோடி டாலர் அறக்கட்டளை நிதி. பாதி மத்திய அரசு, பாதி நன்கொடை. வட்டியில் காவலர் சம்பளம் ஓடுகிறது. பூங்காவின் பரப்பைவிட இந்த நிதிதான் எனக்கு முக்கியமாகப் படுகிறது.

தீயைப் பற்றி ஒரு வார்த்தை. வடக்கு ஆல்பர்ட்டாவில் கிரீ, டெனே மக்கள் வசந்தத்தின் தொடக்கத்தில், மரத்தடியில் இன்னும் பனி கிடக்கும்போதே, வெயிலில் காய்ந்த புல்வெளியையும் ஏரிக்கரையையும் கொளுத்துவார்கள். தீ காட்டோரப் பனியைத் தொட்டதும் அணைந்துவிடும். அரசு இதைத் தடுத்ததால் அந்தத் திறந்தவெளிகளில் புதர் மண்டியது. இப்போது சில ஊர்களில் திரும்பத் தொடங்கியிருக்கிறார்கள். ஊரைச் சுற்றிலும் இது உதவும். 2023இல் சுமார் ஒன்றரைக் கோடி ஹெக்டேரை எரித்தது போன்ற பெருந்தீயை இது தடுக்கும் என்று சொல்ல மாட்டேன்.

புதிதாக ஒரு பாதுகாப்புத் திட்டம் அறிவிக்கிறார்கள் என்றால், எத்தனை ஹெக்டேர் என்பதைவிட, வருஷத்துக்கு எவ்வளவு புதிய சேதத்துக்கு மேல் அனுமதி இல்லை என்று எழுதியிருக்கிறார்களா பாருங்கள். கிளின்சே-சாவுக்கு வடக்கே உள்ள புளூபெரி ரிவர் பூர்வகுடி தொடுத்த வழக்கில் 2021 ஜூனில் ஒரு தீர்ப்பு வந்தது. சின்னச் சின்ன அனுமதிகளாகக் கொடுத்துக் குவித்த மொத்தச் சேதமே 8ஆம் ஒப்பந்தத்தை மீறுவது என்றது அது. மாகாணம் மேல்முறையீடு செய்யவில்லை. 2023 ஜனவரியில் கையெழுத்தான உடன்பாட்டில், அவர்கள் நிலத்தில் எண்ணெய், எரிவாயு வேலைகளால் வரும் புதிய சேதத்துக்கு ஆண்டுக்கு 750 ஹெக்டேர் என்று உச்சவரம்பு போட்டார்கள், மீட்புக்கு 20 கோடி டாலர் நிதியும் ஒதுக்கினார்கள்.