ஜெர்மன் தத்துவவாதிகள் பகவத் கீதையைத் தலையில் வைத்துக் கொண்டாடினார்கள் என்று மேடைகளில் சொல்கிறார்களே, அது உண்மையா?

பாதி உண்மை என்று ஒரே வரியில் முடித்துவிடலாம். ஆனால் இந்தக் கேள்வி எங்கள் வீட்டுக் கதை ஒன்றைத் தொடுகிறது, அதனால் நீளமாகத்தான் எழுதுவேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், நான் தத்துவம் படித்தவள் இல்லை. ஜெர்மனியின் பான் நகரத்தில் பதிமூன்று வருஷமாகக் கணினி வேலை. மொழியை வேலைக்காகக் கற்றுக்கொண்டு, அப்புறம் பிடித்துப்போய்ப் பழைய புத்தகங்களையும் படிக்க ஆரம்பித்தவள். பேராசிரியர்கள் யாராவது இதைப் படித்தால், ஒரு வாசகியின் பதில் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

என் அப்பா மயிலாடுதுறையில் வங்கி வேலையிலிருந்து ஓய்வு பெற்றவர். ஞாயிற்றுக்கிழமைகளில் இருபது முப்பது பேருக்குக் கீதை வகுப்பு எடுப்பார். அவர் கோடு போட்ட நீள நோட்டின் முதல் பக்கத்தில் ஒரு வரி எழுதியிருக்கும். ஷோபன்ஹவர் என்ற ஜெர்மானிய மேதை கீதையைப் பற்றிச் சொன்னதாக: "இது என் வாழ்வின் ஆறுதலாக இருந்தது, என் சாவின் ஆறுதலாகவும் இருக்கும்." இந்த வரியைச் சொல்லாமல் அவர் புது வகுப்பு எதையும் தொடங்கியதில்லை. நீங்களும் இதையேதான் எங்கோ கேட்டிருப்பீர்கள் என்று நினைக்கிறேன்.

ஷோபன்ஹவர் அந்த வார்த்தைகளைச் சொன்னது நிஜம். 1851-இல் வெளிவந்த புத்தகத்தில் இருக்கிறது. ஆனால் அவர் சொன்னது கீதையை அல்ல, உபநிடதங்களை. அதுவும் அவர் கையில் இருந்தது சமஸ்கிருத மூலம் இல்லை. ஷாஜகானின் மகன் தாரா ஷிகோ காசிப் பண்டிதர்களை வைத்துக்கொண்டு ஐம்பது உபநிடதங்களை 1657-இல் பாரசீகத்தில் கொண்டுவந்தார். அந்தப் பாரசீகத்திலிருந்து ஆங்கெத்தீல் துப்பெரோன் என்ற பிரெஞ்சுக்காரர் லத்தீனுக்கு மாற்றி, 1801, 1802-இல் இரண்டு தொகுதிகளாக வெளியிட்டார். 'ஊப்னெகத்' என்று அதற்குப் பெயர். 1814-இல் வைமர் நூலகத்திலிருந்து அதை இரவல் வாங்கிப் படித்த இளைஞர்தான் ஷோபன்ஹவர். பிற்காலத்தில் சமஸ்கிருதத்திலிருந்தே நேராகச் செய்த மொழிபெயர்ப்புகள் வந்தபோதும் அவருக்கு இந்த லத்தீன்தான் உசத்தி.

2016 கோடையில் அப்பா மூன்று மாத விசாவில் இங்கே வந்திருந்தார். ஒரு நாள் சாப்பிடும்போது இதைச் சொன்னேன். கோபப்படுவார் என்று நினைத்தேன். "முகலாய இளவரசரா?" என்று மட்டும் கேட்டார். கொஞ்ச நேரம் கழித்து மறுபடியும் கேட்டார்.

அதனால் தைரியம் வந்து அவரைப் பல்கலைக்கழக நூலகத்துக்குக் கூட்டிப்போனேன். பானில் 1818-இல் பேராசிரியராகச் சேர்ந்த ஆகஸ்ட் வில்ஹெல்ம் ஷ்லேகல்தான் ஜெர்மனியில் சமஸ்கிருதப் படிப்பை நிலைநிறுத்தியவர். பாரிஸில் தேவநாகரி அச்சு வார்க்க வைத்து, 1823-இல் கீதையின் மூலத்தையும் லத்தீன் மொழிபெயர்ப்பையும் இங்கிருந்து வெளியிட்டார். பழைய நூல்கள் அறையில் பென்சில் தவிர எதற்கும் அனுமதியில்லை. இந்தி பிரச்சார சபைத் தேர்வுகள் எழுதியவர் என்பதால் அப்பாவுக்கு நாகரி வரும். "தர்மக்ஷேத்ரே குருக்ஷேத்ரே" என்று வாய்க்குள்ளேயே படித்தார். மறுநாள் ஷ்லேகலின் கல்லறைக்கும் போக வேண்டும் என்றார். ஊரிலேயே இருக்கும் பழைய மயானம்தான், போய் வந்தோம்.

இங்கே நிறுத்தியிருந்தால் நீங்கள் கேட்டதற்கு 'ஆமாம்' என்று பதில் சொல்லிவிடலாம். வில்ஹெல்ம் ஃபான் ஹம்போல்ட்டையும் சேர்த்துக்கொள்ளலாம். பெர்லின் பல்கலைக்கழகத்தை நிறுவியவர், ஐம்பது வயதுக்கு மேல் சமஸ்கிருதத்தில் இறங்கியவர். 1825-லும் 1826-லும் பெர்லின் அகாதெமியில் கீதையைப் பற்றி உரையாற்றினார். இந்த நூலைப் படிக்கும் வரை உயிரோடு இருந்ததற்கு நன்றி என்ற பொருளில் நண்பருக்குக் கடிதமே எழுதினார். ஷ்லேகல் 'யோகம்' என்ற ஒரே சொல்லுக்கு இடத்துக்கு இடம் வேறு வேறு லத்தீன் சொல் போட்டதை ஒரு பிரெஞ்சு அறிஞர் குறை சொன்னபோது, ஷ்லேகலுக்குப் பரிந்து பேசியவரும் ஹம்போல்ட்தான். நாமே கர்மயோகம் என்கிறோம், லாட்டரி விழுந்தால் யோகம் அடித்தது என்கிறோம். அந்தச் சொல்லோடு அவர்கள் எவ்வளவு மல்லுக்கட்டியிருப்பார்கள் என்று யோசித்துப் பாருங்கள்.

ஆனால் அப்பாவே கேட்டார்: "எல்லாரும் நல்லாத்தான் சொன்னாங்களா? எதிர்த்து யாரும் பேசலையா?"

பேசினார். ஹெகல் என்ற ஜெர்மன் தத்துவவாதி. ஹம்போல்ட்டின் உரைகளுக்கு மதிப்புரை என்ற பெயரில் 1827-இல் இரண்டு நீண்ட கட்டுரைகள் எழுதினார். அவருக்குச் சமஸ்கிருதம் தெரியாது, மற்றவர்களின் மொழிபெயர்ப்பை வைத்துத்தான் எழுதினார். இதைக் காரணம் காட்டி அவரை ஒதுக்கிவிடுகிறவர்கள் உண்டு. நான் அவர்களோடு ஒத்துப்போக மாட்டேன், ஏனென்றால் அவர் கேட்ட கேள்விகள் மூலத்திலேயே இருக்கின்றன. ஐந்து ராத்திரி சமையலறை மேஜையில் உட்கார்ந்து அப்பாவுக்குத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன்.

ஹெகல் சொல்வதில் மூன்று விஷயங்கள் அப்பாவைத் தைத்தன. அர்ஜுனன் வில்லைக் கீழே போட்டபோது அவன் மனசாட்சி பேசுகிறது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம், ஆனால் முதல் அத்தியாயத்தில் அவன் சொல்லும் காரணங்களைப் பாருங்கள், குலம் அழியும், பெண்கள் கெடுவார்கள், வர்ணக் கலப்பு வரும், பிதுர்களுக்குப் பிண்டம் நின்றுபோகும் என்கிறான் என்கிறார். கிருஷ்ணன் சொல்லும் கடமை எல்லா மனிதருக்கும் பொதுவான அறம் இல்லை, பிறந்த வர்ணத்தின் வேலை என்கிறார். பலனை எதிர்பாராமல் செய் என்பதைத்தான் கடுமையாகத் தாக்குகிறார்: எவ்வளவுக்கு எவ்வளவு அர்த்தமில்லாமல் ஒரு சடங்கைச் செய்கிறோமோ அவ்வளவுக்கு அவ்வளவு பலனில் பற்றில்லாமல் இருக்க முடியும் என்கிறார்.

அப்பா இரண்டு நாள் என்னோடு சரியாகப் பேசவில்லை. மூன்றாம் நாள் காலை காபி ஆறிக்கொண்டிருக்க நோட்டைக் கொண்டுவந்து வைத்தார். பதினெட்டாம் அத்தியாயம், அறுபத்து மூன்றாம் சுலோகம். "விம்ருச்யைதத் அசேஷேண யதேச்சஸி ததா குரு." இதையெல்லாம் மிச்சமில்லாமல் ஆராய்ந்து பார், அப்புறம் உன் இஷ்டப்படி செய். "எல்லாத்தையும் சொல்லிட்டுக் கடைசியில முடிவை அவன்கிட்டயே விட்டுடறான்மா. இதை அவர் கவனிச்சாரா?" என்றார். பிறகு அதே அத்தியாயத்தில் நாற்பத்தொன்றிலிருந்து வரும், நான்கு வர்ணத்துக்கும் வேலை பிரிக்கிற சுலோகங்களைக் காட்டி, "இதுக்கு என்கிட்ட பதில் இல்ல" என்றார். நாற்பது வருஷம் வகுப்பு எடுத்தவர். அவர் அப்படிச் சொல்லி நான் கேட்டது அன்றைக்குத்தான்.

இதற்காக என்னை இந்து விரோதி என்பவர்களும் இருப்பார்கள், கீதை படிக்கிறவரின் மகள் என்பதால் சங்கி என்பவர்களும் இருப்பார்கள். இரண்டு தரப்பும் ஹெகலின் அந்தக் கட்டுரைகளையும் கீதையின் பதினெட்டாம் அத்தியாயத்தையும் படித்துவிட்டு வரட்டும், பேசுவோம். "ஜெர்மன்காரன் நம்ம வேதத்தைக் கொண்டுபோய்த்தான் ராக்கெட் விட்டான்" என்ற வாட்ஸ்அப் செய்திக்கு மட்டும் நான் பதில் சொல்வதாக இல்லை. போர்க்குணம் மிக்க ஆரிய நூலாகக் கீதையை 1934-இல் விளக்கியவர் ட்யூபிங்கன் பேராசிரியர் ஹாவர். அவர் நாஜிகளின் எஸ்.எஸ். படையில் இருந்தார். ஜெர்மானியர் கீதையைப் புகழ்ந்தார்கள் என்று பெருமைப்படுகிறவர்கள் இந்தப் புகழ்ச்சியையும் கணக்கில் சேர்க்க வேண்டும்.

எங்கள் ஊர்ப்பக்கத்துக் கதை ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். ஷ்லேகலுக்கு நூறு வருஷம் முன்னால், 1706-இல், மயிலாடுதுறைக்குப் பக்கத்திலுள்ள தரங்கம்பாடியில் வந்து இறங்கினார் ஜெர்மன் மதபோதகர் சீகன்பால்கு. தமிழ் கற்று, தென்னிந்தியத் தெய்வங்களைப் பற்றி 1713-இல் ஒரு பெரிய நூல் எழுதி ஹாலே நகரத்துக்கு அனுப்பினார். உங்களை அனுப்பியது அஞ்ஞானத்தை ஒழிக்க, இங்கே பரப்ப அல்ல என்று சொல்லி அங்கிருந்த மிஷன்காரர்கள் அச்சிட மறுத்துவிட்டார்கள். 1867-இல் சென்னையில்தான் அது அச்சேறியது.

இதை எழுதும்போது என் சொந்த வருத்தம் ஒன்றும் வருகிறது. கேள்விக்குச் சம்பந்தமில்லைதான், ஆனாலும் எழுதுகிறேன். அப்பாவுக்காக நான் தமிழில் சொன்ன ஹெகல் பகுதிகளைச் சீர்செய்து ஒரு சிறுபத்திரிகைக்கு அனுப்பினேன். பதினான்கு மாதம் பதில் இல்லை. பிறகு பாதியை வெட்டிப் போட்டார்கள், என் பெயர் எங்கும் இல்லை. கேட்டதற்கு, "மொழிபெயர்ப்புதானேம்மா, நீங்களா எழுதினது இல்லையே" என்றார் ஆசிரியர். தாரா ஷிகோவும் ஆங்கெத்தீலும் அந்த வேலையைச் செய்யாமல் இருந்திருந்தால் ஷோபன்ஹவர் எதைப் படித்து ஆறுதல் அடைந்திருப்பார்? தமிழில் மொழிபெயர்க்கிறவர்களின் பெயரை அட்டையில் போடுங்கள். காசு கேட்கவில்லை, பெயரைத்தான் கேட்கிறேன்.

அப்பா 2019-இல் போய்விட்டார். நோட்டு என்னிடம் இருக்கிறது. முதல் பக்கத்தில் 'கீதை' என்பதை அடித்துவிட்டு 'உபநிஷத்' என்று எழுதியிருக்கிறார், பக்கத்தில் தாரா ஷிகோவின் பெயர். ஊர் திரும்பிய பிறகு வகுப்பிலும் அப்படியே திருத்திச் சொன்னாராம், அம்மா சொன்னாள்.

கேட்ட விதத்தைப் பார்த்தால் நீங்களும் எங்கோ பேசப் போகிறீர்கள் என்று தோன்றுகிறது. சரி, ஷோபன்ஹவர் வரியைத் தாராளமாகச் சொல்லுங்கள், உபநிடதம் என்று சொல்லுங்கள். கீதைக்கு ஜெர்மானியச் சாட்சி வேண்டுமென்றால் ஹம்போல்ட் இருக்கிறார். அவர் பெயரைச் சொன்ன கையோடு ஹெகல் கேட்டதையும் சொல்லிவிடுங்கள், கூட்டத்தில் யாருக்காவது பதில் தெரிந்திருக்கலாம்.